கேம் பாயின் 256 பைட்: தன்னைத்தானே பூட்டிக்கொண்ட ஃபர்ம்வேர் வெளியே வந்த விதம்

பழைய கேம் பாய் (நின்டெண்டோவின் கையடக்க விளையாட்டுக் கருவி) ஒன்று கையில் கிடைத்தால், கார்ட்ரிட்ஜ் எதையும் செருகாமல் சுவிட்சைப் போட்டுப் பாருங்கள். பச்சைத் திரையின் மேலிருந்து ஒரு கறுப்புப் பட்டை மெல்ல இறங்கி வரும். நடுவில் வந்து சேரும் நேரத்தில் 'டிடிங்' என்று ஒலிக்கும். அப்புறம் எதுவும் நடக்காது, பட்டை அப்படியே நிற்கும். கார்ட்ரிட்ஜைச் செருகி மறுபடி போட்டால், பட்டை இருந்த இடத்தில் நின்டெண்டோவின் பெயர் இறங்கி வரும், அதே டிடிங் கேட்கும், ஆட்டம் தொடங்கும்.

இன்னும் கொஞ்சம் உற்றுப் பார்த்தால், கறுப்புப் பட்டையின் வலது ஓரத்தில், வட்டத்துக்குள் ஆர் போட்ட பதிவு முத்திரை மட்டும் தெளிவாக இருப்பது தெரியும். பெயர் முழுக்கக் கறுப்பாகிவிட்டது, முத்திரை மட்டும் எப்படித் தப்பியது? பெயரின் படம் கார்ட்ரிட்ஜிலிருந்து வருகிறது, முத்திரை கன்சோலுக்குள்ளேயே இருக்கிறது. கார்ட்ரிட்ஜ் இல்லாத இடத்தைப் படித்தால் எல்லா பிட்டும் 1 என்றே கிடைக்கும். 1 என்றால் கறுப்புப் புள்ளி. பட்டை வந்த வழி அதுதான்.

இதையெல்லாம் படித்து வரைவது பூட் ரோம் எனப்படும் ஒரு நிரல். அதன் அளவு 256 பைட். இந்தப் பத்தியைத் தமிழில் யூனிகோடாகச் சேமித்தாலே அதைவிடப் பெரிதாகிவிடும். கேம் பாய் 1989இல் வந்தது. நின்டெண்டோவுக்கு வெளியே இருந்தவர்கள் அந்த 256 பைட்டை முழுதாகப் படித்தது 2003இல். இடைப்பட்ட 14 வருடங்களில் உலகம் முழுக்கக் கோடிக்கணக்கான கருவிகளில் அந்த நிரல் தினமும் ஓடிக்கொண்டிருந்தது. அது ஏன் அத்தனை காலம் கிடைக்கவில்லை, எப்படிக் கிடைத்தது, கிடைத்தபிறகு எமுலேட்டர்களில் (ஒரு கருவியைக் கணினியில் அப்படியே நடித்துக் காட்டும் மென்பொருள்களில்) என்ன மாறியது என்பதைத்தான் இங்கே விரிவாகப் பார்க்கப்போகிறேன். பழைய கன்சோல்களின் ஃபர்ம்வேரை, அதாவது கருவிக்குள்ளேயே பதிந்திருக்கும் நிரலைப் பாதுகாப்பது பற்றி யாராவது கேட்டால் நான் முதலில் எடுத்துக் காட்டுவது இந்த நிகழ்வைத்தான்.

சிப்புக்குள் ஒரு நிரல்

கேம் பாய் 1989 ஏப்ரல் 21 அன்று ஜப்பானில் விற்பனைக்கு வந்தது. குன்பெய் யோகோய் தலைமையிலான நின்டெண்டோ குழு உருவாக்கிய கருவி. உள்ளே ஷார்ப் நிறுவனத்தின் 8 பிட் சிப், விநாடிக்கு ஏறக்குறைய 42 லட்சம் துடிப்பு. வேலைக்கு 8 கிலோபைட் நினைவகம், படத்துக்குத் தனியாக இன்னொரு 8 கிலோபைட். திரை 160க்கு 144 புள்ளி.

நம் ஊரில் 'டிவி கேம்' என்ற பெயரில் விற்ற ஃபேமிகாம் (நின்டெண்டோவின் டிவியில் இணைக்கும் கன்சோல்) நகல்களில் விளையாடி வளர்ந்தவர்களுக்கு இங்கே ஒரு வித்தியாசம் புரியவேண்டும். ஃபேமிகாமில் பூட் ரோம் என்று ஒன்றே கிடையாது. சுவிட்சைப் போட்டதும் செயலி நேரே கார்ட்ரிட்ஜில் இருக்கும் நிரலுக்குப் போய்விடும். அதனால் அந்தக் கருவியை எமுலேட் செய்பவர்களுக்கு ஃபர்ம்வேர் தேடும் வேலை இல்லை. கேம் பாயில் அப்படியில்லை. எந்த ஆட்டமானாலும் முதலில் இந்த 256 பைட்டைத் தாண்டித்தான் போகவேண்டும்.

அந்த 256 பைட்டும் தனிச் சிப்பில் இருந்திருந்தால் வேலை சுலபம். கழற்றி ரீடரில் வைத்துப் படித்துவிடலாம். ஆனால் அது முதன்மைச் சிப்பின் சிலிக்கனிலேயே பொறிக்கப்பட்டிருக்கிறது, வெளியே வரும் கம்பி எதுவும் அதைத் தொடுவதில்லை. சரி, வெளியிலிருந்து படிக்க முடியாவிட்டால், ஒரு கார்ட்ரிட்ஜில் சின்ன நிரல் எழுதி உள்ளேயிருந்தே படிக்கலாமே என்று தோன்றும். அங்கேதான் பூட்டு இருக்கிறது.

கருவி தொடங்கும்போது பூட் ரோம் 0000 என்ற முகவரியிலிருந்து 00எஃப்எஃப் வரை அமர்ந்திருக்கும். (கேம் பாய் உலகில் முகவரிகளைப் பதினாறடிமான எண்ணில்தான் சொல்வார்கள். 10 முதல் 15 வரை உள்ள மதிப்புகளுக்கு ஏ முதல் எஃப் வரை எழுத்துகள். இங்கேயும் அப்படியே எழுதுகிறேன்.) கார்ட்ரிட்ஜின் முதல் 256 பைட்டும் அதே முகவரிகளுக்குத்தான் உரியவை, ஆனால் பூட் ரோம் அவற்றை மூடிக்கொண்டிருக்கும். பூட் ரோமின் கடைசி வேலை, எஃப்எஃப்50 என்ற முகவரியில் 1 என்று எழுதுவது. எழுதிய அந்தக் கணமே பூட் ரோம் நினைவக வரைபடத்திலிருந்து விலகிவிடும், அந்த இடத்தில் கார்ட்ரிட்ஜ் தெரியும். மறுபடி கருவியை அணைத்துப் போடும்வரை அதைத் திரும்பக் கொண்டுவர வழியே இல்லை.

இதில் எனக்கு மிகவும் பிடித்தது அந்தக் கடைசிக் கட்டளை உட்கார்ந்திருக்கும் இடம். அது இரண்டு பைட் நீளம்: 00எஃப்இ, 00எஃப்எஃப். பூட் ரோமின் கடைசி இரண்டு பைட். கட்டளை முடிந்ததும் செயலி அடுத்த முகவரிக்கு நகரும், அது 0100. அந்த முகவரியில்தான் ஒவ்வொரு கேம் பாய் ஆட்டமும் தொடங்குகிறது. தாவலே கிடையாது. நிரல் நடந்து நடந்து தன் விளிம்புக்கு வந்து, தன்னை மறைத்துக்கொண்டு, அடுத்த அடியை ஆட்டத்துக்குள் வைக்கிறது. ஆட்டத்தின் முதல் கட்டளை ஓடும்போது பூட் ரோம் ஏற்கெனவே காணாமல் போயிருக்கும்.

பூட் ரோம் இல்லாமல் கழிந்த காலம்

1990களின் நடுவிலேயே கேம் பாய் எமுலேட்டர்கள் வந்துவிட்டன. மராட் ஃபைசுல்லினின் வர்ச்சுவல் கேம் பாய் 1995ஐச் சேர்ந்தது. பான் டாக்ஸ் என்று இன்றைக்கும் எல்லோரும் புரட்டும் தொழில்நுட்ப ஆவணமும் அதே வருடம்தான் தொடங்கியது. யாரிடமும் பூட் ரோம் இல்லை, இருந்தும் ஆட்டங்கள் ஓடின. எப்படி?

பூட் ரோம் முடிந்தபிறகு செயலியின் ரிஜிஸ்டர்களில் (கணக்குக்கான எண்களை வைத்துக்கொள்ளும் சின்ன இடங்களில்) என்னென்ன மதிப்பு இருக்கிறது என்பதைக் கார்ட்ரிட்ஜில் ஓடும் நிரல் பார்த்துவிட முடியும். அப்படிப் பார்த்தவர்கள் ஒரு பட்டியல் போட்டார்கள்: ஏ 01, எஃப் பி0, பிசி 0013, டிஇ 00டி8, எச்எல் 014டி, எஸ்பி எஃப்எஃப்எஃப்இ. (பிசி என்பது பி, சி என்ற இரண்டு ரிஜிஸ்டர்களின் ஜோடி. டிஇ, எச்எல் இரண்டும் அப்படியே.) எமுலேட்டர் எழுதுபவர் இந்த எண்களை அப்படியே போட்டுவிட்டு 0100இலிருந்து தொடங்குவார். பூட் ரோம் ஓடி முடிந்ததுபோன்ற நிலை கிடைத்துவிடும். பெரும்பாலான ஆட்டங்களுக்கு அது போதும்.

இன்றுவரைக்கும் பலர் இப்படித்தான் செய்கிறார்கள். அதில் தப்பில்லை. ஆனால் அந்த எண்கள் ஏன் அவையாக இருக்கின்றன என்று அன்றைக்கு யாருக்கும் காரணம் தெரியாது. கேஸ் கட்டில் முடிவு மட்டும் இருக்கிறது, விசாரணைப் பக்கங்கள் இல்லை. காரணம் தெரியாத எண் எப்போதும் மாறாது என்று நம்பிவிடுவதில் ஒரு ஆபத்து இருக்கிறது. அது எங்கே கடித்தது என்பதைக் கொஞ்சம் கழித்துச் சொல்கிறேன்.

2048 புள்ளிகள்

2003இல் நெவிக்ஸ்டி என்ற புனைபெயரில் இயங்கிய ஓர் ஆர்வலர் பூட்டைத் திறக்க முயலவில்லை, சுவரையே உடைத்தார். கேம் பாயின் முதன்மைச் சிப்பின் உறையை அகற்றி, உள்ளே இருக்கும் சிலிக்கன் துண்டை மைக்ரோஸ்கோப்பின் கீழ் வைத்துப் படம் எடுத்து, பிட்களைக் கண்ணால் பார்த்துப் படித்தார்.

இது எப்படிச் சாத்தியம் என்றால், அந்த நிரல் மாஸ்க் ரோமில் இருக்கிறது. ஃபிளாஷ் நினைவகம்போல மின்னூட்டமாக இல்லாமல், தொழிற்சாலையில் சிப் அச்சாகும்போதே உருவமாகப் பதிந்துவிடுகிறது. ஒவ்வொரு பிட்டுக்கும் ஒரு கட்டம், கட்டத்தில் ஒரு புள்ளி இருக்கும் அல்லது இருக்காது. 256 பைட்டுக்கு 2048 கட்டங்கள். நல்ல படம் கிடைத்துவிட்டால், மீதி பொறுமை சம்பந்தப்பட்ட வேலை.

ஆனால் அந்த 2048 புள்ளிகளை எந்த வரிசையில் படிப்பது என்று சிலிக்கனில் எழுதியிருக்காது. இடமிருந்து வலமா, வலமிருந்து இடமா? புள்ளி இருந்தால் 1ஆ, 0ஆ? ஒரு பைட்டின் எட்டு பிட்டும் பக்கத்தில் பக்கத்தில் இருக்குமா, தள்ளித் தள்ளி இருக்குமா? சிப் வடிவமைப்பவர்கள் தங்கள் வசதிக்கு ஏற்ப அடுக்கியிருப்பார்கள். இதுபோன்ற வேலையில் படித்தது சரிதானா என்று உறுதி செய்ய ஏதாவது ஒரு துணை வேண்டும். கேம் பாய் விஷயத்தில் அந்தத் துணை எல்லோர் கையிலும் இருந்தது. ஒவ்வொரு கார்ட்ரிட்ஜிலும் 0104 முதல் 0133 வரை நின்டெண்டோ பெயரின் படம் 48 பைட்டாக இருக்கிறது. பூட் ரோம் அதைத் தன்னிடம் இருக்கும் நகலோடு ஒப்பிடுகிறது என்றால், அதே 48 பைட் சிலிக்கனிலும் இருந்தாகவேண்டும். படித்த பிட்களுக்குள் அந்த 48 பைட் ஒழுங்காக வந்து உட்கார்ந்தால் வரிசை சரி. கள்ளக் கார்ட்ரிட்ஜைத் தடுக்க வைத்த படமே, படித்ததைச் சரிபார்க்கும் சாவியும் ஆகிறது.

ஒரு கேம் பாய் இதில் பலியானது உண்மை. சிப்பைத் திறந்தால் திரும்ப மூட முடியாது. எனக்கு இதில் தயக்கம் இல்லை. லட்சக்கணக்கில் ஒரே அச்சில் வார்த்த சிப் அது. ஒன்றைக் கொடுத்து எல்லாவற்றின் உள்ளடக்கமும் கிடைத்தது. உலகில் நான்கைந்தே மிஞ்சியிருக்கும் மாதிரிக் கருவியாக இருந்தால் நான் வேறு மாதிரி யோசிப்பேன்.

உள்ளே என்ன இருந்தது

256 பைட்டில் 48 பைட் பெயரின் படம், 8 பைட் அந்த வட்ட முத்திரை. மீதி 200 பைட்தான் நிரல். அதற்குள் படத்துக்கான 8 கிலோபைட் நினைவகத்தையும் துடைக்கிறது, ஒலியைத் தயார் செய்கிறது, கார்ட்ரிட்ஜிலிருந்து பெயரின் படத்தை எடுத்து ஒவ்வொரு புள்ளியையும் இரண்டுக்கு இரண்டாகப் பெருக்கி (48க்கு 8 புள்ளிப் படம் 96க்கு 16 ஆகிறது) திரையில் இடுகிறது, மேலிருந்து உருட்டிக் கொண்டுவருகிறது, டிடிங் ஒலிக்கிறது, ஒப்பிடுகிறது, கூட்டிப் பார்க்கிறது, பூட்டிக்கொள்கிறது.

உருட்டலைக் கொஞ்சம் நெருங்கிப் பார்ப்போம். மொத்தம் 100 படி. எச் என்ற ரிஜிஸ்டர் படிகளை எண்ணிக்கொண்டே வருகிறது. 98ஆவது படியில் முதல் ஒலி, 100ஆவது படியில் இரண்டாவது. ஒலிக்கான எண்களிலிருந்து அதிர்வெண்ணைக் கணக்கிட்டால் முதலாவது சுமார் 1049 ஹெர்ட்ஸ், இரண்டாவது சுமார் 2081. ஏறக்குறைய இரண்டு மடங்கு, அதாவது ஒரே சுரம் அடுத்த ஸ்தாயியில். நம் காதில் ஒரே டிங்காக விழும் சத்தம், இரண்டு படி இடைவெளியில் வரும் மத்திய சட்ஜமும் தார சட்ஜமும்போல. அதன்பின் 32 படி நேரம் சும்மா காத்திருக்கிறது. பிறகுதான் சோதனை.

சோதனைப் பகுதியில் ஒரு கட்டளை உண்டு: 20 எஃப்இ. 'முந்தைய ஒப்பீடு பொருந்தவில்லை என்றால் இரண்டு பைட் பின்னால் போ' என்று அர்த்தம். கட்டளையின் நீளமே இரண்டு பைட் என்பதால், பின்னால் போனால் அதே கட்டளைக்குத்தான் வந்து நிற்கும். மறுபடி பின்னால், மறுபடி அங்கேயே. கார்ட்ரிட்ஜ் இல்லாத கேம் பாய் கறுப்புப் பட்டையோடு உறைந்து நிற்பது இந்த இரண்டு பைட்டுக்குள்தான்.

இப்போது அந்தப் பழைய பட்டியலுக்கு வருவோம். டிஇ-யில் 00டி8 ஏன்? பூட் ரோமுக்குள் பெயரின் படம் 00ஏ8இல் தொடங்குகிறது. 48 பைட் ஒப்பிட்டு முடித்தால் சுட்டி 00டி8இல் நிற்கும். எச்எல்-இல் 014டி ஏன்? கார்ட்ரிட்ஜ் தலைப்பின் (ஆட்டத்தின் விவரங்கள் இருக்கும் பகுதியின்) பைட்களைக் கூட்டி விடை சுழியமா என்று பார்க்கும் சரிபார்ப்புக் கூட்டல் 0134இல் தொடங்கி 014டி-யில் முடிகிறது. சி-யில் 13 ஏன்? ஒலியின் அதிர்வெண் ரிஜிஸ்டரைக் காட்டிய சுட்டி, அதை யாரும் துடைக்கவில்லை. ஏ-யில் 01? பூட்டுவதற்காக எழுதிய அதே 1. எட்டு வருடமாக மந்திர எண்களாக ஒப்பித்துக்கொண்டிருந்தவை, வேலை முடித்துவிட்டுப் போனவர் மேசையில் விட்டுப்போன பொருள்கள்.

எஃப்-இல் பி0 ஏன் என்பதில்தான் கடி இருக்கிறது. எஃப் என்பது கடைசிக் கணக்கின் விளைவைக் காட்டும் கொடிகளின் ரிஜிஸ்டர். கடைசிக் கணக்கு அந்தச் சரிபார்ப்புக் கூட்டல். கூட்டல் 256ஐத் தொட்டு வழிந்து சுழியத்துக்கு வருவதால் வழிதல் கொடிகள் ஏறி பி0 வருகிறது. ஆனால் கார்ட்ரிட்ஜில் இருக்கும் சரிபார்ப்பு பைட்டே 00 என்றால்? சுழியத்தோடு சுழியம், வழிதல் இல்லை, எஃப்-இன் மதிப்பு 80. ஆக பி0 என்பது கேம் பாயின் குணமே இல்லை, செருகிய கார்ட்ரிட்ஜின் குணம். வெளியிலிருந்து எத்தனை முறை அளந்தாலும், கையில் இருக்கும் கார்ட்ரிட்ஜ்களில் அந்த அபூர்வ பைட் இல்லாவிட்டால், பி0 என்றுதான் எழுதுவோம். நிரலைப் படித்தவுடன் ஒரே பார்வையில் தெரிந்துவிடுகிறது. முடிவு நிலையை அளந்து வைத்தால் போதும், ஃபர்ம்வேர் எதற்கு என்று கேட்பவர்களுக்கு நான் வைத்திருக்கும் பதில் இது.

நான் முதல்முறை கேம் பாய் எமுலேட்டர் எழுதியபோது எனக்கு ஆசிரியராக இருந்ததும் இந்த 256 பைட்தான். முதல் நாள் 0064இல் மாட்டிக்கொண்டது. அங்கே பூட் ரோம், திரை 144ஆவது வரிக்கு வரட்டும் என்று காத்திருக்கிறது. நான் வரி எண்ணியையே எழுதியிருக்கவில்லை. அதை எழுதியதும் பெயர் இறங்கியது. அந்தச் சந்தோஷத்தில் பாதி ராத்திரிக்கு வீட்டில் தூங்கிக்கொண்டிருந்தவர்களை எழுப்பிக் காட்டினேன். ஆனால் ஆட்டம் தொடங்கவில்லை. 00எஃப்ஏ-வில் நின்றது. சரிபார்ப்புக் கூட்டலின் விடையை 8 பிட்டுக்குள் வெட்டாமல் விட்டிருந்தேன், அதனால் அது சுழியமாகவே ஆகவில்லை. எண்களை நேராகப் போட்டு 0100இலிருந்து தொடங்கியிருந்தால் இந்தத் தவறு ஏதோ ஓர் ஆட்டத்தின் நடுவில், ஏன் என்றே தெரியாத ஒரு கோளாறாக வெளிப்பட்டிருக்கும்.

பெயரை ஏன் இரண்டு முறை படிக்கிறது

பூட் ரோம் கார்ட்ரிட்ஜிலிருந்து பெயரை வரைவதற்கு ஒரு முறையும், ஒப்பிடுவதற்கு இன்னொரு முறையும் படிக்கிறது. இந்த ஏற்பாட்டின் நோக்கம் சட்டம் சம்பந்தப்பட்டது. அனுமதி இல்லாமல் கார்ட்ரிட்ஜ் செய்பவரும் நின்டெண்டோவின் வணிகச் சின்னத்தைத் தன் கார்ட்ரிட்ஜில் வைத்தாகவேண்டும், திரையில் காட்டியாகவேண்டும். காட்டினால் வணிகச் சின்ன வழக்கு.

இரண்டு முறை படிப்பதே ஓட்டையும் ஆனது. முதல் முறைக்குத் தன் சொந்தப் பெயரையும், இரண்டாம் முறைக்கு நின்டெண்டோ பெயரையும் கொடுக்கும் கார்ட்ரிட்ஜ்கள் வந்தன. பிரிட்டனின் ஆர்கனாட் நிறுவனத்தைத் தொடங்கிய ஜெஸ் சான், ஒரு மின்தடையும் ஒரு மின்தேக்கியும் வைத்தே இதைச் செய்ததாகப் பின்னாளில் பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். திரையில் ஆர்கனாட் என்று இறங்கும், ஆட்டமும் ஓடும். வழக்குப் போடுவதற்குப் பதிலாக நின்டெண்டோ அவர்களைக் கூட்டாளியாகச் சேர்த்துக்கொண்டது. பின்னாளில் சூப்பர் நின்டெண்டோ ஆட்டங்களில் முப்பரிமாணப் படம் வரைந்த சூப்பர் எஃப்எக்ஸ் சிப் வந்தது அந்த உறவிலிருந்து.

சட்டக் கேள்விக்கு வேறொரு கன்சோல் வழியாக அமெரிக்காவில் பதில் கிடைத்தது. சேகாவின் ஜெனிசிஸிலும் இதே யோசனை இருந்தது. குறிப்பிட்ட இடத்தில் 'சேகா' என்ற நான்கு எழுத்து இருந்தால்தான் ஆட்டம் ஓடும், ஓடும்போது சேகாவின் உரிமம் பெற்றது என்ற வாசகமும் திரையில் வரும். அக்கோலேட் நிறுவனம் நிரலைப் பிரித்துப் பார்த்து அதை எழுதிவிட்டது. 1992இல் ஒன்பதாம் வட்ட மேல்முறையீட்டு நீதிமன்றம் அக்கோலேட் பக்கம் நின்றது. வேறு வழி இல்லாதபோது இணங்கி இயங்குவதற்காக நிரலைப் பிரித்துப் படிப்பது நியாயமான பயன்பாடு என்றது.

அதே நீதிமன்றம் 2000 பிப்ரவரியில் கனெக்டிக்ஸ் வழக்கில் இன்னொரு அடி எடுத்து வைத்தது. மேக் கணினியில் பிளேஸ்டேஷன் ஆட்டங்களை ஓட்டும் எமுலேட்டரை விற்றது கனெக்டிக்ஸ். அதை உருவாக்கும்போது சோனியின் பயாஸை (கன்சோலுக்குள் பதிந்திருக்கும் அடிப்படை நிரலை) திரும்பத் திரும்ப நகலெடுத்துச் சோதித்தார்கள், ஆனால் விற்ற மென்பொருளில் சோனியின் ஒரு பைட்கூட இல்லை. இடையில் எடுத்த அந்த நகல்கள் நியாயமான பயன்பாடுதான் என்றது தீர்ப்பு. அடுத்த வருடமே சோனி அந்த எமுலேட்டரை விலைக்கு வாங்கி நிறுத்திவிட்டது என்பது வேறு விஷயம்.

எமுலேட்டர் எழுதுபவர்கள் இன்றைக்கு நடக்கும் பாதை இந்தத் தீர்ப்புகளின் ஓரமாகத்தான் போகிறது. அசல் பூட் ரோமின் பதிப்புரிமை நின்டெண்டோவிடம். எமுலேட்டரோடு சேர்த்துக் கொடுக்க முடியாது. அதனால் சேம்பாய் போன்ற எமுலேட்டர்கள் தாங்களே எழுதிய, திறந்த மூல பூட் ரோமைச் சேர்த்துத் தருகின்றன. விளையாடுபவருக்கு அது போதும். அதற்காக அசல் தேவையில்லை என்று ஆகிவிடாது. மாற்று நிரல் அசலைப்போல நடந்துகொள்கிறதா என்று சோதிக்க அசல்தான் அளவுகோல்.

அடுத்தடுத்த பூட்டுகள்

1998இல் வந்த கேம் பாய் கலரின் பூட் ரோம் 2304 பைட். நடுவில் 0100 முதல் 01எஃப்எஃப் வரை ஓர் ஓட்டை விட்டு, அதன் வழியாகக் கார்ட்ரிட்ஜின் தலைப்பைப் பார்க்கிறது. பழைய கறுப்பு வெள்ளை ஆட்டங்களைச் செருகினால் அதுவே வண்ணம் கொடுக்கும் என்பது தெரிந்த விஷயம். எந்த ஆட்டத்துக்கு எந்த வண்ணம் என்று எப்படி முடிவு செய்கிறது என்பது தெரியாத விஷயம். 2009இல் இன்னொரு ஆர்வலர் சிப்பை உடைக்காமலே அதை வெளியே கொண்டுவந்தார். கருவி தொடங்கிக்கொண்டிருக்கும்போது கடிகாரத் துடிப்பையும் மின்னழுத்தத்தையும் குலைத்தால் செயலி தடுமாறும். பூட்டும் கட்டளைக்கு வருவதற்கு முன்பே வழிதவறிக் கார்ட்ரிட்ஜின் நிரலுக்குள் விழுந்தால், பூட்டு இன்னும் திறந்திருக்கும், படித்துக்கொள்ளலாம். படித்தபிறகு புதிர் அவிழ்ந்தது. நின்டெண்டோ வெளியிட்ட ஆட்டமாக இருந்தால், தலைப்பில் இருக்கும் ஆட்டப் பெயரின் எழுத்துகளைக் கூட்டிப் பட்டியலில் தேடுகிறது. ஒரே கூட்டுத்தொகை இரண்டு ஆட்டங்களுக்கு வந்தால் அந்தப் பெயரின் நான்காவது எழுத்தைப் பார்க்கிறது. எமுலேட்டர்கள் சரியான வண்ணத்தைக் காட்டுவதற்கு ஊகம் தேவையில்லாமல் போனது.

கேம் பாய் அட்வான்ஸின் 16 கிலோபைட் பயாஸுக்கு வேறு மாதிரிப் பூட்டு. பயாஸுக்குள் இருக்கும் நிரல் ஓடும்போது மட்டும்தான் பயாஸைப் படிக்க முடியும், வெளியிலிருந்து கேட்டால் வேறு எதையோ கொடுக்கும். ஆனால் ஆட்டங்களுக்கு உதவியாகப் பயாஸ் சில சேவைகளைத் தருகிறது. அதில் இசைக்கான ஒரு சேவை, ஒரு சுரத்தை அதிர்வெண்ணாக மாற்றிக் கொடுப்பது. அதற்கு ஒரு முகவரியைக் கொடுக்கவேண்டும். அந்த முகவரி எங்கே இருக்கிறது என்று அது பார்ப்பதே இல்லை. பயாஸின் முகவரியையே கொடுத்தால், பயாஸ் தன்னையே படித்து, அதிர்வெண் என்ற வேடத்தில் விடையைத் தந்துவிடும். ஒவ்வொரு பைட்டாக இப்படிக் கேட்டு முழுவதையும் எடுத்துவிடலாம். எந்தக் கருவியையும் உடைக்கவேண்டியதில்லை, தங்கள் கையில் இருக்கும் கருவியிலிருந்தே எடுத்துக்கொள்ளலாம். பாதுகாப்பு வேலை எல்லாக் கன்சோலிலும் இவ்வளவு சுலபமாக இருந்தால் எப்படி இருக்கும் என்று தோன்றும்.

ஒரு பைட் வித்தியாசம்

இப்படி எடுத்து வைக்கும்போது எந்தக் கருவி, எந்தப் பதிப்பு என்று கூடவே குறித்து வைக்கவேண்டும். கேம் பாய் பாக்கெட்டின் பூட் ரோம், முதல் கேம் பாயின் பூட் ரோமிலிருந்து ஒரே ஒரு பைட்டில் வேறுபடுகிறது. பூட்டுவதற்கு 01 எழுதும் இடத்தில் எஃப்எஃப் எழுதுகிறது. அதனால் ஆட்டம் தொடங்கும்போது ஏ-யில் எஃப்எஃப் இருக்கும். தான் எந்தக் கருவியில் ஓடுகிறோம் என்று ஆட்டத்துக்குத் தெரிவது அப்படித்தான். நின்டெண்டோ டிஎஸ், கேம் பாய் அட்வான்ஸ் ஆட்டங்களை ஓட்டும்போது பயன்படுத்தும் பயாஸும் இப்படித்தான், அசலோடு ஒப்பிட்டால் 00 என்று இருந்த ஒரு பைட் 01 ஆகியிருக்கிறது. 'கேம் பாய் பூட் ரோம்' என்று மட்டும் பெயர் வைத்து ஒரு கோப்பைச் சேமித்தால் இந்த வித்தியாசங்கள் ஒன்றோடொன்று கலந்து மறைந்துவிடும்.

கேம் பாய்க்குள்ளேயே இன்னும் ஒரு பதிப்பு உண்டு. ஆரம்பத்தில் வந்த, இன்று அபூர்வமாகிவிட்ட சில கருவிகளில் இருப்பது. அதில் பெயருக்குப் பக்கத்தில் வட்ட முத்திரை கிடையாது. சோதனையில் தோற்றால் உறைந்து நிற்காமல் திரை விட்டு விட்டு மின்னும். அந்தக் கருவியில் ஆட்டம் தொடங்கும்போது ரிஜிஸ்டர்கள் வேறு: பிசி எஃப்எஃப்13, டிஇ 00சி1, எச்எல் 8403.

பின்னால் வந்த நிரலைத் தெரிந்தவர் இந்த எண்களைப் பார்த்தால் தூக்கிவாரிப்போடும். எச்-இல் இருக்கும் 84 என்பது நம் கணக்கில் 132. உருட்டல் 100 படி, காத்திருப்பு 32 படி. இ-யில் இருக்கும் சி1, டிடிங்கின் இரண்டாவது ஒலிக்கான எண். மேசையில் கடைசியாகக் கிடப்பவை உருட்டலின் பொருள்கள், சோதனையின் பொருள்கள் அல்ல. அப்படியென்றால் இந்த முதல் பதிப்பில் சோதனை முன்பே நடந்துவிட்டது. கார்ட்ரிட்ஜைச் சரிபார்த்த பிறகே பெயரை இறக்கிக் காட்டியிருக்கிறது. அடுத்த பதிப்பில் வரிசையைத் திருப்பி, முதலில் பெயரைக் காட்டிவிட்டு அப்புறம் சோதித்தார்கள். இன்று நாம் பார்க்கும் அந்தக் கறுப்புப் பட்டை, திருப்பிப் போட்ட அந்த வரிசையால் வந்தது.